பழனிசாமி தாண்டாத நாலு எல்லை

என்ர பேத்தி பிறந்து இண்டைக்கு நாப்பத்தாறு நாள். இப்ப ஆளைப் பார்த்துச் சிரிக்கிறா. காத்துக்குச் சிரிக்கிறா எண்டு மனிசி சொல்லுறா. இல்லை, எனக்குத்தான் சிரிக்கிறா. நான் ஏழாம் வகுப்போட நிப்பாட்டினவன், எழுதிப் பழக்கமில்லை. ஆனால் பிள்ளையின்ர முப்பத்தொண்டு, துடக்குக் கழிக்கிற அண்டைக்கு எங்கட வீட்டு வாசலில நடந்த ஒண்டை எழுதாமல் இருக்க ஏலாமல் கிடக்கு. அதை எழுதுறதெண்டால் பழனிசாமியைப் பற்றித்தான் எழுத வேணும்.

பாரிசில, லா சப்பலில, லூர்துசாமியின்ர சாப்பாட்டுக் கடைக் குசினியில நான் கோப்பை கழுவிறனான். பழனிசாமி சமைக்கிறவர். பாண்டிச்சேரிக்குப் பக்கத்து ஊர். மனிசியையும் பள்ளிக்கூடம் போற ஒரு பெட்டையையும் ஊரில விட்டுப்போட்டு, 2009ம் ஆண்டு ஆடி மாதம் சுற்றுலா விசாவில வந்து அப்பிடியே நிண்டிட்டார். அந்த வருசம் எங்கட ஈழத்துச் சனம் ஒருத்தரை ஒருத்தர் முகம் பார்க்காமல் திரிஞ்ச வருசம். மே மாதத்தோட எல்லாம் முடிஞ்சு போச்சு. கடைக்குச் சாப்பிட வாற ஆக்கள் கூட வாய் திறக்காமல் சாப்பிட்டுப் போவினம். அந்தக் குசினிக்குள்ள இந்த மனிசன் வந்து, வெங்காயம் வெட்டிக்கொண்டு, சுதந்திரப் போராட்டக் கதை சொல்லத் தொடங்கினார்.

"எங்க தாத்தா சுதேசி ஆளுக்குச் சமைச்சுப் போட்டவரு அண்ணே. வெள்ளக்காரன் வாரண்டு போட்டுத் தேடுன ஆளு."

"சுதந்திரத்தைப் பற்றி எங்களுக்குச் சொல்லாதையும்" எண்டு சொல்லிப்போட்டு நான் தண்ணியைத் திறந்து விட்டன்.

ரெண்டு நாள் பேசாமல் இருந்தார். மூண்டாம் நாள் திரும்பத் தொடங்கினார். அவருக்குக் கதைக்காமல் சமைக்கத் தெரியாது. கதைக்காத நாளில சாம்பாரில உப்பு இராது. அதால லூர்துசாமியே, "விடுண்ணே, பேசட்டும், வாடிக்கை போயிடும்" எண்டு சொன்னவர்.

அப்பிடித்தான் அந்த வாத்தியார் கதை எங்கட குசினிக்குள்ள வந்தது. பண்ருட்டிப் பக்கத்து வாத்தியாராம். 1910ம் ஆண்டளவில, வெள்ளைக்காரனைத் துரத்த வேணும் எண்டு பேசினதுக்கும் எழுதினதுக்கும் பிடிக்க வந்தாங்களாம். அவர் இரவோடிரவா எல்லை தாண்டிப் பாண்டிச்சேரிக்கு ஓடி வந்திட்டார். பாண்டிச்சேரி பிரெஞ்சுக்காரன்ர இடம், இங்கிலீசுப் பொலிஸ் உள்ளுக்கை வந்து பிடிக்க ஏலாது. அதால வீட்டுக்கு எதிர்ப்பக்கம் மாறு வேசத்தில பொலிஸ்காரனை இருத்தி வைச்சாங்களாம். வாத்தியார் எல்லையில கால் வைச்சால் பிடி. அவரின்ர ஊர் நடந்து போனால் ஒரு நாள் தூரம். அவரின்ர தாய் செத்ததுக்கும் போகேல்லை. பழனிசாமியின்ர தாத்தாவுக்கு அப்ப பதினெட்டு வயசு, வாத்தியார் வீட்டில சமையல்.

வாத்தியார் சொல்லுவாராம், தேசம் எண்டது வரைபடத்தில கிடக்கிற கோடு இல்லை, அது தாய், அம்மன், அந்த மண்ணே சாமி எண்டு. மண்ணுக்கு வேலை செய்யிறதுதான் பூசை, பலனைப் பார்க்கக் கூடாது. அதால தாத்தா மாதம் ஒருக்கா பண்ருட்டிக்குப் போய், வாத்தியாரின்ர வயல் மண்ணைப் பால் செம்பின்ர அடியில ஒளிச்சு, மேல பாலை ஊத்தி, பொலிசுக்கு முன்னாலயே கொண்டு வருவாராம். வாத்தியார் அந்த மண்ணைக் கலசத்தில வைச்சுப் பூப்போட்டுக் கும்பிடுவாராம்.

"பலனைப் பாக்காம வேலை செய்யிறவன்தான் எனக்கும் வேணும்" எண்டு லூர்துசாமி சொல்லுவார். அவரின்ர குடும்பம் பாட்டன் காலத்திலயே பிரெஞ்சுக் குடியுரிமை எடுத்த குடும்பம். "பழனி, எங்க தாத்தா பிரெஞ்சுக் கொடிக்கு சல்யூட் அடிச்சாரு. உங்க தாத்தா மண்ணுக்கு சல்யூட் அடிச்சாரு. இப்பப் பாரு, என் கைல பாஸ்போர்ட்டு, உன் கைல வெங்காயம்."

பழனிசாமி சிரிப்பார். ஆனால் வெங்காயம் கொஞ்சம் வேகமா வெட்டுப்படும்.

2011ம் ஆண்டு மாசி மாதம் லா சப்பல் மெத்ரோப் படியில பொலிஸ் மறிச்சுது. பேப்பர் இல்லை. ஒரு நாள் முழுக்க வைச்சிருந்து, முப்பது நாளில நாட்டை விட்டுப் போ எண்டு கடிதம் குடுத்து விட்டாங்கள். அவர் போகேல்லை. ஊரில கடன் பட்டெல்லோ வந்தது. ஆனால் அந்த நாளில இருந்து அவருக்கு ஸ்டேசன் எண்டால் கை குளிரும். மெத்ரோ பாலத்துக்குக் கீழால போகேக்கையும் மேல றெயில் போற சத்தம் கேட்டால் நிண்டு திரும்பிப் பார்ப்பார்.

ஒரு வெள்ளிக்கிழமை காலமை நெத்தி நிறையத் திருநீறோட வேலைக்கு வந்தார்.

"அண்ணே, நான் க்ஷேத்திர சந்நியாசம் எடுத்துட்டேன்."

"அதென்ன புது வருத்தம்?"

வருத்தமில்லையாம். ஒரு புண்ணிய ஸ்தலத்தில இருந்து, இந்த எல்லையை இனித் தாண்ட மாட்டன் எண்டு சாமிக்கு முன்னால சத்தியம் பண்ணுறதாம். காசியில அப்பிடி ஆக்கள் இருக்கினமாம். அவரின்ர வாத்தியாரும் பாண்டிச்சேரியில அதைத்தான் எடுத்தவராம். இவர் விடியவே பிள்ளையார் கோயிலுக்குப் போய், கையில தண்ணி எடுத்து, நாலு எல்லையையும் பேர் சொல்லி விட்டிருக்கிறார். கிழக்கால ஸ்டாலின்கிராட் கால்வாய். மேற்கால கார் து நோர் ஸ்டேசன்ர தண்டவாளம். வடக்கால கோயில் தெரு. தெற்கால அந்த ஸ்டேசன் வாசல்.

"லா சப்பல் எப்பேர்ப்பட்ட புண்ணிய ஸ்தலம் ஐசே? நடக்க விடாமல் சிகரெட் விக்கிற இடம்."

"பிள்ளையாரு இருக்காரு. சோறு கெடைக்குது. தமிழ் காதுல விழுது. காசியில கூட மூணும் ஒண்ணாக் கெடைக்காது அண்ணே."

நான் பகிடி எண்டு நினைச்சன். எட்டு வருசம் அந்த மனிசன் அந்த நாலு எல்லையைத் தாண்டேல்லை. கடைக்கு மேல ஒரு அறை, நாலு பேர். காலமை கோயில், பகல் குசினி, ஞாயிற்றுக்கிழமை கால்வாய்க் கரை மட்டும் நடந்து போய்த் தண்ணியைப் பார்த்துப்போட்டுத் திரும்பி வருவார். பல்லு வீங்கி முகம் பூசணிக்காய் மாதிரி ஆனபோதும், எல்லைக்கு வெளியில இருக்கிற பல் டொக்டரிட்டப் போகேல்லை, கிராம்பை வைச்சுக் கடிச்சுக்கொண்டு இருந்தவர். கடைக்கு வாற சனத்துக்கு இந்தக் கதை பரவி, சிலர் அவரைச் 'சாமி' எண்டு கூப்பிடத் தொடங்கிச்சினம். ஒரு பொம்பிளை தன்ர மகளின்ர சோதினைக்கு அவரிட்டத் திருநீறு கேட்டவ. அவரும் குடுத்தவர். பெட்டை பாஸ் பண்ணிப்போட்டுது, பேந்து கேக்க வேணுமே.

லூர்துசாமி வாய் கெட்டவர், ஆனால் மனம் நல்லது. ஒழுங்காச் சம்பளத் துண்டு குடுத்து, எட்டு வருசத்துக்கும் இருந்த அத்தாட்சியெல்லாம் சேர்த்து, ஒரு அவொக்காவை, அதுதான் லோயரைப் பிடிச்சு விசாவுக்குப் போட்டார். மின்சாரத் துண்டு, மருந்துச் சீட்டு, கோயில் ரசீது வரைக்கும் போட்டது. பழனிசாமிக்கு அதில ஒரு பெருமை. "வாத்தியாருக்கும் இப்படித்தான் அண்ணே. அந்தக் காலத்துல பிரெஞ்சுக்காரன் புதுச் சட்டம் போட்டான், வெளியாளுங்க தங்கணும்னா ஊர்ப் பெரிய மனுசங்க அஞ்சு பேரு கையெழுத்து வேணும்னு. தாத்தா வீடு வீடா ஓடினாராம்."

எல்லாம் சரி, விசாக் கந்தோர் பிரெபெக்தூருக்கு நேரில போக வேணுமெல்லோ. அது எல்லைக்கு வெளியில. ரெண்டு நாள் சாம்பாரில உப்பில்லை. பேந்து, "லூர்து கார்ல கூட்டிட்டுப் போனா வரேன்" எண்டார். போய் வந்தினம். அண்டைக்குப் பின்னேரம் லூர்துசாமி என்னை வெளியில கூப்பிட்டுக் காரைக் காட்டினார். பக்கத்துச் சீற்றின்ர கால் மிதியெல்லாம் மண்.

"எங்கயாவது தோட்டத்தில இறங்கினீங்களே?" எண்டு கேட்டன்.

"தோட்டமா? கடைக்கு முன்னால மரத்தடி இருக்குல்ல, அந்த மண்ண ரெண்டு ஷூவுக்குள்ளயும் போட்டுக்கிட்டு வந்திருக்கான்ணே. கேட்டா, கால் லா சப்பல் மண்ணு மேலதான் இருக்கு, எல்லைய தாண்டலங்கிறான். நாலு மணி நேரம் வரிசையில அப்படியே நின்னான். போலீஸ்காரன் ஷூவக் கழட்டச் சொல்லியிருந்தா வெடிகுண்டுன்னு நெனச்சிருப்பான்."

நாங்கள் ரெண்டு பேரும் வயிறு நோகச் சிரிச்சம். அப்ப எனக்கு அது சிரிப்பாத்தான் இருந்தது.

2019 ஐப்பசியில விசா வந்தது. விசா அட்டை, அந்தக் கார்த்தை எடுக்கவும் மண்ணோடதான் போய் வந்தவர். தை மாதம் மகள் நிரஞ்சனாவின்ர கலியாணம். தகப்பனுக்கு விசா வந்தால்தான் கலியாணம் எண்டு அந்தப் பெட்டை ரெண்டு வருசம் காத்திருந்தது. டிக்கெட் போட்டாச்சு. நாங்கள் குசினி ஆக்கள் சேர்ந்து ஒரு பெட்டி வாங்கிக் குடுத்தம். போறதுக்கு முதல் நாள், ஸ்டேசன் வாசல் மட்டும் நடந்து போய்ப் பார்த்துப்போட்டு வாறன் எண்டு போனவர், திரும்பி வந்திட்டார். அடுத்த நாள் காலமை ஏப்ரனைக் கட்டிக்கொண்டு அடுப்படியில நிக்கிறார்.

"பிளேன் எத்தினை மணிக்கு?"

"போவலண்ணே. சத்தியம் பண்ணிருக்கேன்ல."

கலியாணத்தண்டு போனை அரிசி டின்னுக்கு மேல சாத்தி வைச்சு வீடியோவில பார்த்தார். அங்கை மச்சான்காரன் தகப்பன்ர இடத்தில நிண்டு பிள்ளையைத் தாரை வார்த்துக் குடுக்கிறான். அங்கை தண்ணி ஊத்த, இவர் இஞ்சை நான் கோப்பை கழுவிற பைப்பைத் திறந்து, ரெண்டு கையையும் கீழ பிடிச்சுக்கொண்டு நிண்டார். தண்ணி போய்க்கொண்டே இருந்தது. லூர்துசாமி வந்து பார்த்துப்போட்டு, "டிக்கெட்ட தூக்கிப் போட்டுட்டு இங்க தண்ணி ஊத்துறியாடா" எண்டு சொல்லிப்போட்டு, தானே பைப்பைப் பூட்டினார். அண்டைக்கு ஒருத்தரும் சிரிக்கேல்லை.

எனக்கு விட ஏலாமல் போச்சு. அடுத்த செவ்வாய் அவரை இழுத்துக்கொண்டு கோயில் ஐயரிட்டப் போனன்.

"சங்கற்பத்தில இத்தினை காலம் எண்டு சொன்னனீரோ?" எண்டு ஐயர் கேட்டார்.

"சொல்லலீங்க சாமி."

"செய்யேக்கை என்னைக் கேட்டனீரோ?"

"இல்லீங்க."

"அப்ப என்னத்துக்கு இப்ப கேக்கிறீர்? பொலிசுக்குப் பயந்து செய்தது விரதமில்லை ஐயா. ஒரு தேங்காயை உடைச்சுப்போட்டுப் போம். பிள்ளையார் கோவிக்க மாட்டார்."

பழனிசாமி பதினொரு தேங்காய் உடைச்சார். திரும்பி வரேக்கை நான், "இனி ஒரு பிரச்சினையும் இல்லைத்தானே?" எண்டன். அவர் மெத்ரோ பாலத்துக்குக் கீழ நிண்டிட்டார்.

"தாத்தா கதையில உங்ககிட்ட ஒண்ணு சொல்லலண்ணே."

முதல் உலக யுத்தம் முடியவிட்டு, அரசாங்கம் அரசியல் ஆக்களுக்கு மன்னிப்புக் குடுத்ததாம். வாத்தியாருக்கு மேல இருந்த வாரண்டையும் எடுத்திட்டாங்கள். வீட்டுக்கு முன்னால இருந்த பொலிஸ்காரன் பாயைச் சுருட்டிக்கொண்டு போயிட்டான். தாத்தா சந்தோசத்தில மாட்டு வண்டி பிடிச்சு, சாமானெல்லாம் ஏத்தி, வாத்தியாரை எல்லை ஆறு மட்டும் கூட்டிக்கொண்டு போனார். வாத்தியார் இறங்கி, ஒரு காலைத் தண்ணியில வைச்சு, கன நேரம் நிண்டார். பேந்து திரும்பி வந்து வண்டியில ஏறிட்டார். அண்டைக்குத்தான் சனத்துக்குச் சொன்னாராம், நான் க்ஷேத்திர சந்நியாசம் எடுத்திட்டன், மண் என்னட்ட வந்திட்டுது, இனி நான் ஏன் மண்ணிட்டப் போக வேணும் எண்டு. சனம் காலில விழுந்துது. சாகுமட்டும் அவரைச் சாமி எண்டு கும்பிட்டுது.

"தாத்தா மட்டும் கும்பிடல."

"ஏன்?"

"ஆத்தங்கரையில அவரு கால் நடுங்கினத தாத்தா பாத்தாரு. வெளியில ஒம்பது வருசம் குந்தியிருந்த போலீஸ்காரன் போயிட்டான் அண்ணே. உள்ள ஒருத்தன் குந்திட்டான். தாத்தா அடுத்த மாசம் வேலையை விட்டுட்டாரு."

எல்லாம் தெரிஞ்சு கொண்டுதான் இந்த மனிசன் நிக்கிறார். தெரிஞ்சால் கால் வந்திடுமே?

ரெண்டு மாதத்தில கொரோனா வந்து ஊரையே பூட்டிச்சு. வீட்டில இருந்து ஒரு கிலோமீற்றர்தான் போகலாம். "இப்ப எல்லாருமே சந்நியாசிதாண்ணே" எண்டு போனில சிரிச்சார். அந்தச் சிரிப்பில ஒரு நிம்மதி இருந்தது, அது எனக்குப் பிடிக்கேல்லை. கதவுகள் திறந்த பிறகும் அவர் அசையேல்லை. 2022ல நிரஞ்சனாவுக்கு ஆம்பிளைப் பிள்ளை பிறந்தது. விசாவையும் ஒருக்காப் புதுப்பிச்சாச்சு, அதுக்கும் மண்ணோடதான் போனவர். பேரன் போனுக்குள்ள தவழ்ந்தான், போனுக்குள்ள எழும்பி நிண்டான். தாத்தா எங்கை எண்டு கேட்டால் அந்தப் பிள்ளை போனைத் தூக்கிக் காட்டுமாம். அதைச் சொல்லி அவர் சிரிச்சவர். நானும் சிரிச்சனான். அப்ப நான் பேரப்பிள்ளை காணாத ஆள், எனக்கு என்ன தெரியும்?

இந்த வருசம் என்ர மகள் லக்சிகாவுக்குப் பிள்ளை பிறந்தது. ஆசுப்பத்திரியில அந்தச் சூட்டுப் பொட்டலத்தை என்ர கையில வைச்ச அண்டைக்குத்தான், போனுக்குள்ள தவழுற பிள்ளை எண்டால் என்னெண்டு எனக்கு விளங்கிச்சு. நேர குசினிக்குப் போனன்.

"முப்பத்தொண்டுக்கு நீர் வீட்டை வாறீர். கார்ஜுக்கு."

"பலகாரம் செஞ்சு குடுத்தனுப்புறேன் அண்ணே."

"பலகாரம் கடையில விக்குது. நீர் வந்து பிள்ளையைத் தூக்க வேணும். நீர் உம்மட பேரனைத் தூக்கேல்லை. என்ர பேத்தியையாவது தூக்கும்."

சொன்ன பிறகு எனக்கே சுட்டுது. அவர் அடுப்பைக் குறைச்சார்.

அந்த ஞாயிறு காலமை பத்து மணிக்கு, ஸ்டேசன் வாசலில, அவரின்ர தெற்கு எல்லையில, ஒரு டப்பா பால்கோவாவோட நிக்கிறார். வெள்ளைச் சேட்டு, கறுப்புச் சப்பாத்து. நடக்கேக்கை காலைத் தூக்காமல் தேய்ச்சுத் தேய்ச்சு நடந்தார். எனக்கு விளங்கிட்டுது. ஒண்டும் கேக்கேல்லை. எர்-எ-எர் றெயிலில ஏத்தி இருத்தினன். பால்கோவா டப்பாவை ரெண்டு கையாலும் பிடிச்சுக்கொண்டு யன்னல் பக்கம் பார்க்காமலே இருந்தார். செந்தெனி ஸ்டேசனில கன சனம் இறங்கி ஏறிச்சு, ஒவ்வொருக்காவும் கதவு பூட்டேக்கை அவரின்ர தோள் ஒருக்கா உயரும். கார்ஜில இறங்கி எங்கட கட்டடத்துக்கும் தேய்ச்சுத் தேய்ச்சுத்தான் நடந்து வந்தார்.

நாலாம் மாடி. மனிசி சாரதாதேவி கதவைத் திறந்தா.

"வாங்கோ பழனி அண்ணை. இவர் சொல்லேக்கை நான் நம்பேல்லை. சப்பாத்தைக் கழட்டிப்போட்டு உள்ளுக்கை வாங்கோ."

மனிசிக்குச் சப்பாத்து விசயம் தெரியாது. எந்தத் தமிழ் வீட்டிலயும் சொல்லுறதைத்தான் சொன்னவ. நானும் இதை யோசிக்கேல்லை. அவரும் யோசிக்கேல்லை எண்டு முகத்தைப் பார்க்கத் தெரிஞ்சுது. வாசலில சப்பாத்து வரிசை, அதுக்கு அங்காலை பாய், அங்காலை பிள்ளையின்ர சின்னச் சத்தம். அவர் கதவு நிலையில ஒரு கையை வைச்சுக்கொண்டு நிண்டார். கால் நடுங்கிச்சு. நான் கண்ணால கண்டன்.

"நான் இங்கேருந்தே பாத்துட்டுப் போறேனே அண்ணே" எண்டார், மெதுவா.

"வாசலில நிண்டு பார்க்கிறதுக்கு அவ என்ன கோயிலே? அண்ணை, பிள்ளையைக் குளிக்க வார்த்தாச்சு, நித்திரையாகப் போறா. கெதியா வாங்கோ" எண்டு மனிசி உள்ளுக்கை போட்டா.

லக்சிகா பிள்ளையோட வந்து எட்டிப் பார்த்தாள். பழனி மாமா ஏன் வாசலிலயே நிக்கிறார் எண்டு அவளுக்கு விளங்கேல்லை. பிள்ளையைக் கொஞ்சம் நிமித்திப் பிடிச்சாள். பிள்ளை ஒரு கொட்டாவி விட்டுது. அவ்வளவுதான் அது செய்தது.

பழனிசாமி டப்பாவை என்னட்டத் தந்தார். குனிஞ்சு வலது சப்பாத்தின்ர கயித்தை அவிட்டார். பேந்து இடது. கழட்டேக்கை மண் பொலபொல எண்டு கால்மிதியில கொட்டுண்டது. கறுத்த மண், மரத்தடிக் குப்பை, ஒரு சிகரெட் அடியும் இருந்தது. லக்சிகா பார்த்துப்போட்டு, "சே பா க்ராவ், மாமா, பரவாயில்லை, பிறகு கூட்டலாம்" எண்டாள். அவர் வெறுங்காலோட எங்கட வீட்டுக்குள்ள கால் வைச்சார். முதல் அடி வைச்சுப்போட்டு ஒருக்கா நிண்டார். ஒண்டும் நடக்கேல்லை.

"காலைக் கழுவிப்போட்டுப் பிள்ளையைத் தூக்குங்கோ" எண்டு மனிசி குசினிக்குள்ள இருந்து கத்தினா. போய்க் கழுவினார். நான் துவாயோட நிண்டன். மண் தண்ணி சுத்திச் சுத்தி ஓட்டைக்குள்ள போறதை அவர் முடியுமட்டும் பார்த்துக்கொண்டு நிண்டார்.

பிறகு பிள்ளையைத் தூக்கி வைச்சிருந்தார், சாப்பிடவும் எழும்பேல்லை. பிள்ளை அவரின்ர கையில நித்திரையாப் போட்டுது. பொறாமையா இருந்தது, என்ர கையில அவ்வளவு கெதியா நித்திரை கொள்ளுறேல்லை. பல்கனிக்கு மேலால ஒரு பிளேன் பதிஞ்சு போச்சு.

"ஏர்போர்ட்டு இங்கேருந்து கிட்டயா அண்ணே?"

"கிட்டத்தான். பஸ்ஸில அரை மணித்தியாலம்."

பின்னேரம் வெறும் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு போனார். கால் லேசா இருந்திருக்க வேணும், படியில தடுமாறினவர். கொட்டின மண்ணை மனிசி கூட்டி அள்ளி, பல்கனியில கறிவேப்பிலைச் சட்டியில போட்டுவிட்டா. சிகரெட் அடியை மட்டும் எறிஞ்சவ.

அதுக்கு அடுத்த கிழமையே டிக்கெட் போட்டிட்டார், மார்கழி பத்தாம் திகதிக்கு. முந்தியும் ஒருக்காப் போட்டவர்தான், அதால நான் பெரிசாச் சந்தோசப்படேல்லை. அண்டைக்கு லீவு எடுத்து எயார்போட் மட்டும் நான் கூடப் போறன். போறதுக்கு முதல் சப்பாத்துக்குள்ள என்ன கிடக்கு எண்டு பார்க்க மாட்டன். எப்பிடியும் அங்கை செக்கிங்கில கழட்டச் சொல்லுவாங்கள்.